தையல்காரர் பெயரும் பழவேற்காட்டுப் பெண்ணும்

தென்னாப்பிரிக்காவில், டச்சு மொழியிலிருந்து கிளைத்த ஆப்பிரிகான்ஸ் பேசுகிற வெள்ளைக்காரர்களிடையே 'ஸ்னெய்மன்' என்றொரு குடும்பப் பெயர் உண்டு. 'ஸ்னெய்' என்றால் வெட்டு, 'மன்' என்றால் ஆள். அரிவாளை நினைக்க வேண்டாம். வெட்டுவது துணியை, அதாவது தையல்காரர். ஜெர்மானியரின் 'ஷ்னைடர்' என்ற பெயருக்கும் இதே பொருள்தான். நமக்குத் தைப்பது தொழிலின் அடையாளம், அவர்களுக்கு வெட்டுவது. யோசித்தால் அதுவும் நியாயம்தான். நம் ஊர் டைலர் கடையிலும் கோணல் தையலைப் பிரித்துவிடலாம், கட்டிங் மாஸ்டர் தப்பாக வைத்த கத்தரியை என்ன செய்வது?

இந்தப் பெயரில் டச்சு மொழியில் ஐ, ஜே என இரண்டு எழுத்தாக இருந்தது ஆப்பிரிகான்ஸில் ஒற்றை ஒய் ஆனது. எழுத்தில் நடந்த மாற்றம் அவ்வளவுதான். ஆனால் இந்தப் பெயர் சொல்லாமல் விட்ட சங்கதி ஒன்று இருக்கிறது.

பெயரை நன்னம்பிக்கை முனைக்குக் கொண்டுவந்தவர் ஹான்ஸ் கிறிஸ்டோஃபெல் என்ற ஜெர்மன்காரர், டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் சிப்பாய். காவல் வேலையைப் போட்டுவிட்டு ஒரு பெண்ணைப் பார்க்கப் போனதற்காக அவரை ராபன் தீவுக்கு அனுப்பினார்கள். பின்னாளில் மண்டேலா அடைபட்டிருந்த அதே தீவு.

அந்தப் பெண்ணைப் பதிவேடுகள் 'பெரிய கத்ரீன்' என்கின்றன. இன்னொரு பெயர், பலியகட்டா கத்தரீனா. பலியகட்டா வேறெதுவும் இல்லை, நம் பழவேற்காடுதான். டச்சுக்காரர்கள் கோட்டை கட்டி, சோழமண்டலக் கரையிலிருந்து அடிமைகளைக் கப்பலேற்றிய ஊர். அடிமையின் பெயரோடு ஊரை ஒட்டிவிடுவது அவர்கள் வழக்கம். வங்காளம், மலபார் என்றெல்லாம் பெயர்கள் கிடைக்கின்றன. படேவியாவில், அதாவது இன்றைய ஜகார்த்தாவில், காதலனைக் கொன்ற வழக்கில் கத்ரீனுக்கு மரண தண்டனை விதித்தார்கள். பிறகு அதை ஆயுள் முழுக்க நாடுகடத்தலாகக் குறைத்து, 1657-இல் முனைக்கு அனுப்பிவிட்டார்கள். அங்கே துணி வெளுத்துப் பிழைத்தார்.

1669-இல் அவர் மகன் கிறிஸ்டோஃபெலுக்கு ஞானஸ்நானம் நடந்தது. தந்தை அந்தச் சிப்பாய்தான் என்றே கருதப்படுகிறது. மகன் வளர்ந்து, ஹியூகெனாட் எனப்படும் பிரெஞ்சுப் புராட்டஸ்டண்ட் அகதிக் குடும்பத்துப் பெண்ணான மார்கரித் தெ சவோயை மணந்தான். ஸ்னெய்மன் வம்சம் இவர்களிடமிருந்து கிளைத்தது.

இனி உயிரியல். குடும்பப் பெயர் அப்பாவிடமிருந்து பிள்ளைக்குப் போகிறது. ஆண்களிடம் மட்டும் உள்ள ஒய் குரோமோசோம் போகும் பாதையும் அதேதான்: அப்பா, மகன், பேரன். அம்மாவுக்கு அதில் இடமில்லை. அம்மா வழியில் மட்டும் வருவது, செல்லுக்குள் ஆற்றல் தரும் மைட்டோகாண்ட்ரியாவின் டி.என்.ஏ. மகனுக்கும் அது கிடைக்கும், ஆனால் அவனோடு நின்றுபோகும். கிறிஸ்டோஃபெலின் உடலில் கத்ரீனின் மைட்டோகாண்ட்ரியா இருந்தது, அவன் பிள்ளைகளுக்கோ மார்கரித்தினுடையதுதான். ஆக, பெயரிலும் கத்ரீன் இல்லை, ஒய்யிலும் இல்லை, மைட்டோகாண்ட்ரியாவிலும் இல்லை.

மிச்சம் இருப்பவை மற்ற குரோமோசோம்கள். அவற்றில் ஒருவரிடமிருந்து வந்த பங்கு தலைமுறைக்குத் தலைமுறை பாதியாகும், அதுவும் அளந்து வைத்தாற்போல் அல்ல, சீட்டுக்கட்டைக் கலைத்துப் போடுவது மாதிரி. பதினோரு தலைமுறையில் ஒரு மூதாதையின் பங்கு சராசரியாக 2048-இல் ஒன்று. ஒருவருக்கு ஒரு துண்டு வரலாம், அவருடைய தம்பிக்கு ஒன்றுமே வராமலும் போகலாம்.

2020-இல், ஆப்பிரிகான்ஸ் பேசும் இந்த வெள்ளைக்காரர்களான ஆப்பிரிகானர்களில் 77 பேரின் மரபணுவை ஆராய்ந்தபோது, ஐரோப்பாவுக்கு வெளியிலிருந்து வந்த பங்கு சராசரியாக 4.7 சதவீதம் இருந்தது. அதில் தெற்காசியப் பங்கும் உண்டு. ஸ்னெய்மன் வீட்டுப் பெண்கள் கல்யாணமாகிப் போன இடங்களில் பெயர் மாறிவிட்டது, குரோமோசோம் மாறவில்லை. அதனால் கத்ரீனின் துண்டு, ஸ்னெய்மன் என்று பெயரே இல்லாத ஏதோ ஒரு வீட்டில்தான் பெரிதாக இருந்தாலும் இருக்கும்.