செக்குலர்: ஜெபத்துக்குள்ளிருந்து வந்த சொல்

மயிலாடுதுறைப் பக்கம் ஒரு கல்யாணப் பேச்சு. மாப்பிள்ளையைப் பற்றிக் கேட்டதற்கு அவருடைய பெரியப்பா, “பையன் செக்குலர் வேலையிலதாங்க இருக்கான். ஊழியத்துக்கு இன்னும் வரல” என்றார். ஊழியம் என்றால் சபைப் பணி; பையன் வங்கியில் கிளார்க். அதே வாரம் கும்பகோணத்தில் ஒரு மேடையில் “செக்குலர் கட்சிகள் ஒன்றுசேர வேண்டும்” என்று பேசினார்கள். ஞாயிற்றுக்கிழமை பிரசங்கத்தில், “செக்குலர் உலகம் நம் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு போகிறது” என்று கேட்டேன்.

ஒரே சொல், மூன்று பொருள். முதலாவது சபைக்கு வெளியே இருப்பது. இரண்டாவது எந்த மதத்தின் பக்கமும் சாயாதது. மூன்றாவதில் கிட்டத்தட்ட கடவுள் மறுப்பே வந்துவிடுகிறது. இதைத் திருச்சபையின் எதிரியாகவே கேட்டுப் பழகிவிட்டோம். அது பிறந்து வளர்ந்த வீடே திருச்சபைதான்.

லத்தீனில் ‘சேக்குலும்’ என்றால் ஒரு தலைமுறை, ஒரு காலம், ஒரு நூற்றாண்டு. நம் பக்கத்துக் கத்தோலிக்க வீடுகளில் சாயங்காலம் ஜெபமாலை சொல்லும்போது, மாலையின் ஒவ்வொரு பத்து மணிகளின் முடிவிலும் “இப்பொழுதும் எப்பொழுதும் என்றென்றும்” என்று வருகிறதே, அந்த ‘என்றென்றும்’ லத்தீனில் ‘இன் சேக்குலா சேக்குலோரும்’. ஊழி ஊழியாக, காலத்துக்கும் காலமாக என்று பொருள். செக்குலர் என்ற சொல்லின் வேர் அதுதான். பாயில் உட்கார்ந்து ஆச்சி உருட்டும் மணிக்குள்ளேயே அது இருக்கிறது.

காலத்தைக் குறித்த சொல், காலத்துக்கு உட்பட்ட இந்த உலகத்தையும் குறிக்கத் தொடங்கியது. ஐந்தாம் நூற்றாண்டில் புனித அகுஸ்தீனார் இதற்கு ஆழமான பொருள் கொடுத்தார். அவருக்கு சேக்குலும் என்பது கடவுளின் நகரமும் மண்ணின் நகரமும் பின்னிக் கிடக்கும் இடைக்காலம். கோதுமையும் களையும் சேர்ந்து வளரும் வயல் உவமையை நினைத்துக்கொள்ளுங்கள். களை பறிக்க ஆள் விடட்டுமா என்று வேலைக்காரர்கள் கேட்கிறார்கள். வேண்டாம், அறுப்பு வரை இரண்டும் வளரட்டும் என்கிறார் வீட்டுக்காரர். களையெடுப்புக்கு ஆள் கிடைக்காமல் தவிக்கும் நம் பக்கத்து விவசாயிக்கு இது எவ்வளவு துணிச்சலான பதில் என்று புரியும். யார் நெல், யார் புல் என்று இப்போதே தீர்ப்புச் சொல்லாத காலம் என்பதுதான் செக்குலரின் பழைய இறையியல் பொருள்.

குருக்களிலும் செக்குலர் உண்டு. மடத்து ஒழுங்குக்கு உட்பட்டவர்கள் துறவற சபைக் குருக்கள். உலகத்தில், மக்களுக்கு நடுவே பங்கை, அதாவது ஊர்ச் சபையைக் கவனிப்பவர்கள் செக்குலர் குருக்கள். இன்றைய தமிழில் மறைமாவட்டக் குருக்கள். 1844இல் நாகப்பட்டினத்தில் தொடங்கி 1883இல் திருச்சிக்குப் போன தூய வளனார் கல்லூரியை நடத்தும் சேசு சபையார் முதல் வகை. கும்பகோணம் மறைமாவட்டத்துக் குருவாக இருந்து பங்கைப் பார்த்துக்கொள்ளும் சாமியார் இரண்டாம் வகை. அவரைச் செக்குலர் என்று சொன்னால் அது வசையே அல்ல.

தமிழில் ‘சமயம்’ என்ற சொல்லுக்கும் காலம் என்ற பொருள் உண்டு; ‘நல்ல சமயம் பார்த்து’ என்கிறோம். லத்தீனில் காலத்தைக் குறித்த சொல் மதத்துக்கு வெளியே போனது. தமிழில் காலத்தைக் குறிக்கும் சொல்லே மதத்துக்கும் பெயராக இருக்கிறது. எனக்கு இதை நினைக்கும்போதெல்லாம் வியப்புத்தான்.

சரி, அரசியல் பொருள் எப்படி வந்தது? அரசும் சபையும் ஒன்றாக இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு, அன்று டேனியர் வசம் இருந்த தரங்கம்பாடியே சாட்சி. டென்மார்க் மன்னர், மார்ட்டின் லூத்தர் வழிவந்த லூத்தரன் சபைக்கும் தலைவர். அவர் அனுப்பித்தான் ஜெர்மன் ஊழியர் சீகன்பால்க் 1706இல் அங்கே கரையிறங்கினார். இரண்டே வருடத்தில், அதே டேனியக் கோட்டையின் தளபதி அவரைப் பிடித்து நான்கு மாதம் சிறையில் வைத்தார். ஒரே மன்னர், ஒரே மதம், ஒரே சபை. அப்படியும் ஊழியருக்குப் பாதுகாப்பு இல்லை. அரசு மதத்தைத் தோளில் சுமக்காமல் இருப்பது சபைக்கே நல்லது என்று நான் நம்புவதற்கு அந்தக் கோட்டை ஒரு காரணம்.

‘செக்குலரிசம்’ என்ற கொள்கைப் பெயரை 1851இல் இங்கிலாந்தில் ஹோலியோக் என்ற எழுத்தாளர் உண்டாக்கினார். கத்தோலிக்கத் திருச்சபை முதலில் முரண்டியது. அரசையும் சபையையும் பிரிக்க வேண்டும் என்பதைப் பிழையான கருத்துகளின் பட்டியலில் 1864இல் ரோம் சேர்த்தது. 1965இல், உலகமெங்கும் இருந்து ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கம் சமய விடுதலையை ஏற்று, உலகக் காரியங்களுக்கு அவற்றுக்கே உரிய தன்னுரிமை உண்டு என்றது. இடையில் 101 ஆண்டு.

நம் அரசியலமைப்பின் முகப்புரையில் இந்தச் சொல் 1976இல், 42ஆம் திருத்தத்தில் சேர்ந்தது என்று எல்லோரும் சொல்வார்கள். ஆனால் 25ஆம் பிரிவில் தொடக்கத்திலிருந்தே இருக்கிறது. சமய வழக்கத்தோடு சேர்ந்து நடக்கும் பணம், பொருளாதாரம், அரசியல் போன்ற ‘செக்குலர்’ நடவடிக்கைகளை அரசு ஒழுங்குபடுத்தலாம் என்கிறது அந்தப் பிரிவு. இங்கே ‘மதச்சார்பற்ற’ என்று போட்டால் வாக்கியம் தடுமாறும்: மதத்தோடு சேர்ந்த மதச்சார்பற்ற நடவடிக்கை! ‘உலகியல் நடவடிக்கை’ என்றால் நேராக நிற்கிறது.

ஆகவே ஒரே தமிழ்ச் சொல் போதாது. அரசைப் பற்றிப் பேசும்போது மதச்சார்பின்மை அல்லது சமயச்சார்பின்மை. சார்தல் என்றால் சாய்தல். வள்ளுவர் தராசைக் காட்டிச் சொன்ன ‘ஒருபால் கோடாமை’தான் அதன் உயிர். கத்தோலிக்கரான வேதநாயகம் பிள்ளை மாயூரத்தில் முன்சீப்பாக உட்கார்ந்து எல்லா மதத்தார் வழக்கையும் தீர்த்தது அந்தக் கோடாமைக்குள் வரும். அவர் பாடிய சர்வ சமய சமரசக் கீர்த்தனைகள் வேறு: அது சமய நல்லிணக்கம். வேளாங்கண்ணிக்கு இந்துக்கள் நடந்து வருவதும் நாகூர் கந்தூரிக்கு எல்லோரும் போவதும் நல்லிணக்கமே. அது மக்களின் குணம்; மதச்சார்பின்மை அரசின் கடமை. மக்கள் இணக்கமாக இருக்கிறார்களே என்று அரசு தன் கடமையிலிருந்து நழுவ முடியாது.

அன்றாட வாழ்க்கையைக் குறிக்க உலகியல் என்று சொல்லலாம். சபைக்குள் பழகிய ‘உலகப்பிரகாரமான’ என்பதும் சரியானதுதான். கடவுள் மறுப்புக்கு நாத்திகம், இறைமறுப்பு என்று சொற்கள் இருக்கின்றன. பிரசங்கத்தில் அதைச் சொல்ல வேண்டுமென்றால் அதையே சொல்லிவிடலாம்.

சபை இந்தச் சமூகத்தில் எங்கே நிற்க வேண்டும் என்பதை ஒரு வகுப்பறையில் பார்த்திருக்கிறேன். கத்தோலிக்கப் பள்ளியில் மணி அடித்ததும் கத்தோலிக்கப் பிள்ளைகள் மறைக்கல்விக்கு எழுந்து போவார்கள். பெரியவர்கள் இன்னும் ஞானோபதேசம் என்பார்கள். மற்றவர்களுக்கு அதே நேரம் நன்னெறி வகுப்பு. அரசு உதவி பெறும் பள்ளியில் சம்மதமில்லாமல் யாரையும் சமய போதனையில் உட்காரவைக்கக் கூடாது என்று அரசியலமைப்பின் 28ஆம் பிரிவு சொல்கிறது. பிள்ளைகளுக்கு அந்தப் பிரிவு தெரியாது. ஒரு மணி நேரம் கழித்து எல்லோரும் ஒரே பெஞ்சுக்குத் திரும்பி வந்து கணக்குப் போடுவார்கள்.

அந்தப் பெரியப்பாவிடமும் ஒன்று சொல்ல ஆசை. அவர்கள் லூத்தரன் குடும்பம். லூத்தர் மொழியாகிய ஜெர்மனில் தொழிலுக்குப் பெயர் ‘பெரூஃப்’, அழைப்பு என்ற பொருளில் பிறந்த சொல். செருப்புத் தைப்பவருக்கும் பால் கறக்கிற பெண்ணுக்கும் குருவைப் போலவே கடவுளின் அழைப்பு உண்டு என்றார் லூத்தர். மாப்பிள்ளைப் பையனை அப்புறம் ஒரு நாள் வங்கியில் பார்த்தேன். முதியோர் உதவித்தொகை எடுக்க வந்த ஒரு பாட்டிக்குச் சலான் எழுதி, மைப்பெட்டியை நகர்த்தி, அவருடைய பெருவிரலை மெதுவாகப் பிடித்து வைத்துக்கொண்டிருந்தான்.