இன்கிரிமென்ட் நிறுத்தம்: தண்டனை முடிந்ததும் சம்பளம் எங்கே வர வேண்டும்?

மத்திய அரசு ஊழியருக்கு வரும் தண்டனைகளில் சம்பளத் தகராறை அதிகம் கிளப்புவது ஊதிய உயர்வு நிறுத்தம்தான். ஆணையில் 'தொடர் விளைவுடன்' (நிறுத்திய உயர்வு பிறகும் திரும்பாது) என்று இருக்கிறதா, 'தொடர் விளைவின்றி' (தண்டனைக் காலம் முடிந்ததும் திரும்பி வரும்) என்று இருக்கிறதா? முதலில் பார்க்க வேண்டியது அதை.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். 7ஆவது ஊதியக் குழு அட்டவணையில் 4ஆம் நிலையில் ஒருவர் 26,300 ரூபாய் அடிப்படைச் சம்பளம் வாங்குகிறார். 2024 ஜூலையில் அது 27,100 ஆக வேண்டும். அந்த உயர்வை ஓராண்டுக்கு, தொடர் விளைவின்றி நிறுத்துகிறார்கள். 2025 ஜூன் 30 வரை அவர் 26,300 தான் வாங்குவார். சரி, ஜூலை 1 அன்று? நிறுத்திய உயர்வும் திரும்பி வரும், அந்த ஆண்டுக்கான உயர்வும் சேரும். 27,900 ஆக வேண்டும். பல அலுவலகங்களில் இங்கேதான் தவறு நடக்கிறது. ஒரே ஒரு உயர்வைப் போட்டு 27,100 என்று நிறுத்திவிடுகிறார்கள். ஓராண்டுத் தண்டனை இப்படித்தான் ஆயுள் தண்டனையாகிறது. மாதம் 800 ரூபாய்தானே என்று விட்டுவிடாதீர்கள். அதற்கான அகவிலைப்படியும் போகிறது, நாளைக்கு ஓய்வூதியமும் குறைகிறது.

தொடர் விளைவுடன் என்றால் அந்த 27,100 சரிதான், இழந்த படி திரும்பாது. அதனால்தான் அப்படிப்பட்ட தண்டனையை விளக்கம் மட்டும் கேட்டுவிட்டுக் கொடுக்க முடியாது. 1965ஆம் ஆண்டு ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 16(1-ஏ) பிரிவுப்படி முறையான விசாரணை நடந்திருக்க வேண்டும். குல்வந்த் சிங் கில் வழக்கில் 1990இல் உச்ச நீதிமன்றம் இதைப் பெருந்தண்டனை என்றே சொன்னது. விசாரணையே இல்லாமல் 'தொடர் விளைவுடன்' என்ற சொல் உங்கள் ஆணையில் இருந்தால், மேல்முறையீட்டுக்கு அதைவிட வலுவான காரணம் வேண்டாம். ஆணை கைக்கு வந்த நாளிலிருந்து 45 நாள்தான் அவகாசம்.

தற்காலிகப் பணிநீக்கத்தில் இருந்தவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். பெருந்தண்டனைக்கான நடவடிக்கை தொடங்கி, கடைசியில் சிறுதண்டனையோடு முடிந்தால், தற்காலிகப் பணிநீக்கக் காலத்துக்கு முழுச் சம்பளம் தர வேண்டும் என்று 1985 டிசம்பரிலேயே மத்திய அரசு ஆணையிட்டிருக்கிறது. அந்தக் காலத்தில் ஏற்கெனவே கொடுத்த பிழைப்பூதியத்தைக் கழித்துக்கொண்டு மீதியைக் கேட்டு வாங்குங்கள்.

சம்பள நிர்ணயம் தவறு என்று தெரிந்தால், தண்டனை ஆணை நகலையும் மேலே போட்டதுபோல ஒரு கணக்கையும் இணைத்து அலுவலகத் தலைவருக்கு எழுதிக் கொடுங்கள். பணிப்பதிவேட்டில் என்ன பதிந்திருக்கிறார்கள் என்று நேரில் போய்ப் பாருங்கள்; வாய்ச்சொல்லை நம்பி இருக்காதீர்கள். ஆறு மாதத்தில் முடிவு வரவில்லை என்றால், அதற்கடுத்த ஓராண்டுக்குள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். தமிழ்நாட்டில் இருப்பவர்களுக்குச் சென்னை அமர்வு. நினைவூட்டுக் கடிதங்கள் எத்தனை அனுப்பினாலும் இந்தக் கெடு நீளாது.

கெடு தாண்டியவர்களும் மனம் தளர வேண்டாம். தவறான சம்பளம் மாதாமாதம் தொடரும் குறை என்பதால் வழக்கைப் பொதுவாக ஏற்பார்கள். ஆனால் தர்செம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008இல் தந்த தீர்ப்புப்படி, நிலுவை வழக்குப் போட்டதற்கு முந்தைய 3 ஆண்டுக்கு மேல் பெரும்பாலும் கிடைக்காது. அதற்கு முந்திய பணம் போனது போனதுதான்.