மரம் ஏறும் நியூரான்கள்

கர்ப்பிணியின் வயிற்றில் ஹெட்போனை வைத்து மோட்சார்ட் இசையை ஒலிக்கவிட்டால் குழந்தை புத்திசாலியாகப் பிறக்குமா என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். பிறக்காது. அந்த நம்பிக்கைக்கு வித்திட்ட 1993ஆம் ஆண்டு ஆய்வில் இசை கேட்டவர்கள் கல்லூரி மாணவர்கள். ஒரு வகைத் தேர்வில் அவர்கள் காட்டிய சிறு முன்னேற்றமும் கால் மணி நேரத்துக்கு மேல் நிற்கவில்லை. தவிர, சிசு ஒலிக்கு ஒழுங்காக அசைந்துகொடுக்கத் தொடங்குவதே ஏறக்குறைய ஆறாம் மாதக் கடைசியில்தான். மூளையின் வெளி அடுக்கான புறணியின் மிகப் பெரிய வேலை பெரும்பாலும் அதற்குள் முடிந்துவிடுகிறது.

தொடக்கம் பள்ளிப் பாடம்தான். கருவுற்று நான்கு வாரங்களுக்குள் கருவின் முதுகுப்புறத் தகடு சுருண்டு மூடி நரம்புக்குழாய் ஆகிறது, அதன் முன்முனை உப்பி மூளையாகிறது. ஃபோலிக் அமிலம் மிகவும் தேவைப்படுவது இங்கே. எனக்குப் பிடித்த கட்டம் இதற்கு அடுத்தது.

புறணியின் பெரும்பாலான நியூரான்கள் (நரம்புச் செல்கள்) பிறக்கும் இடம் ஒன்று, வாழும் இடம் வேறொன்று. மூளையின் நடுவே திரவம் நிறைந்த அறைகளின் சுவரையொட்டி அவை பிறக்கின்றன. போய்ச் சேர வேண்டியதோ வெளிவிளிம்புக்கு. உட்சுவருக்கும் வெளிப்பரப்புக்கும் இடையே ரேடியல் கிளியா என்ற செல்கள் மெல்லிய இழைகளை நீட்டியிருக்கின்றன. குரங்குக் கருவின் மூளையில் இளம் நியூரான்கள் இந்த இழைகளைத் தழுவிக்கொண்டு நகர்வதை 1972இல் நரம்பியல் விஞ்ஞானி பாஸ்கோ ராகிச் எலெக்ட்ரான் நுண்ணோக்கியின் உதவியுடன் விவரித்தார். மரம் ஏறுபவர் கையை மேலே கொடுத்துப் பிடித்துக்கொண்டு உடலை இழுப்பதுபோல, நியூரான் முதலில் ஒரு நீட்சியை முன்னால் அனுப்புகிறது. பிறகு உட்கரு உள்ளே ஊர்ந்து அதன் பின்னால் வருகிறது. சற்று ஓய்வு, மீண்டும் ஒரு நீட்சி. உட்கருவை இழுக்கும் பொறியில் பங்குள்ள ஒரு மரபணு பழுதானால் மடிப்புகளே இல்லாத வழுவழுப்பான மூளையோடு குழந்தை பிறக்கிறது.

இதில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. இழையை நீட்டியிருக்கும் செல்லே பல சமயம் அந்த நியூரானைப் பெற்ற செல்லாகவும் இருக்கிறது. அதாவது பிள்ளை தாயின் மேலேயே ஏறிப் போகிறது! முதலில் வந்தவை அடியில் தங்கிவிட, பின்னால் பிறந்தவை அவற்றைக் கடந்து மேலே போய் அமர்கின்றன. ஒவ்வொரு அடுக்கும் வேறு வேறு இடங்களோடு இணைப்பு வைத்துக்கொள்வதால், வரிசை குலைந்தால் இணைப்பும் குலையும்.

நியூரான்கள் ஏறிப் போகும் இந்தக் காலகட்டம் எவ்வளவு மென்மையானது என்பதைக் கொடூரமான வழியில்தான் உலகம் தெரிந்துகொண்டது. ஹிரோஷிமா, நாகசாகி குண்டுவீச்சின்போது கருவில் இருந்தவர்களைத் தொடர்ந்து கவனித்தபோது, 8 முதல் 15 வாரக் கருவாகக் கதிர்வீச்சுக்கு ஆளானவர்களிடம்தான் அறிவுத்திறன் குறைபாடு மிக அதிகமாகத் தெரிந்தது. 8 வாரத்துக்கு முன்பும் 25 வாரத்துக்குப் பின்பும் அப்படி ஓர் அதிகரிப்பு தெரியவில்லை.

அன்றாட வாழ்வில் இந்தப் பயணத்தை நெறிப்படுத்தும் பொருள்களில் ஒன்று தைராய்டு ஹார்மோன். சிசுவின் சொந்தத் தைராய்டு போதுமான அளவு சுரக்க ஏறக்குறைய கர்ப்பத்தின் பாதிக்காலம் ஆகிவிடும். அதுவரை தாயிடமிருந்து வருவதுதான். சினை எலிகளுக்கு மூன்றே நாட்கள் இந்த ஹார்மோனைக் குறைத்துப் பார்த்த ஒரு சோதனையில், குட்டிகளின் மூளையில் நியூரான்கள் தவறான அடுக்குகளில் தங்கியிருந்தன.

அந்த ஹார்மோனுக்கு மூலப்பொருள் அயோடின். 1922இல் சுவிட்சர்லாந்து உப்பில் அயோடின் கலக்கத் தொடங்கியது. மூளை வளர்ச்சிக்காக மனித குலம் செய்த மிக மலிவான நல்ல காரியம் இதுதான் என்பது என் கருத்து. ஆனால் உப்பைக் கண்காணிப்பது பார்க்கக் கவர்ச்சியான வேலை இல்லை. வயிற்றில் கட்டும் ஒலிபெருக்கிக்குக் கிடைக்கும் விளம்பரத்தில் பத்தில் ஒரு பங்கு இதற்குக் கிடைத்தால்கூட மகிழ்வேன்.

கர்ப்பிணிக்கு ஒரு நாளைக்கு 250 மைக்ரோகிராம் அயோடின் வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். கர்ப்பம் உறுதியான பிறகுதான் இதைப் பற்றி யோசிக்க வேண்டும் என்பதில்லை. தாயின் உடலில் இருப்பு முன்பே இருப்பது நல்லது. தைராய்டு குறைபாட்டுக்கு மாத்திரை எடுப்பவர்கள் கர்ப்பம் தரித்ததும் தாமதிக்காமல் மருத்துவரைப் பார்க்க வேண்டும். பெரும்பாலும் அவர்களுக்கு மாத்திரையின் அளவைக் கூட்ட வேண்டியிருக்கும்.