முஷ்ஹுஷ்: சுமேரியரின் 'டிராகன்' உண்மையில் என்ன?

முஷ் என்றால் பாம்பு. ஹுஷ் என்றால் சிவப்பு. சீற்றம் என்றும் பொருள் உண்டு. இன்றைய தெற்கு ஈராக்கில் பண்டு வழங்கிய சுமேரிய மொழியில் பெயர் முன்னே நிற்கும், அடைமொழி பின்னே வரும். தமிழ் வரிசைக்குத் திருப்பினால் முஷ்ஹுஷ் என்பது 'சிவந்த பாம்பு' அல்லது 'சீற்றங்கொண்ட பாம்பு'. அவ்வளவுதான். இந்த எளிய பெயரைத்தான் இன்றைய நூல்களும் இணையக் குறிப்புகளும் டிராகன் என்று எழுதுகின்றன. தமிழிலும் அப்படியே இறக்கிக்கொள்கிறோம். கொஞ்சம் தமிழ்ப்பற்று மிகுந்தவர்கள் 'பறவைநாகம்' என்கிறார்கள். இரண்டுமே எனக்கு உறுத்துகின்றன. காரணத்தைச் சொல்வதற்கு முன் அந்தப் புராண விலங்கை ஒருமுறை கிட்டப்போய்ப் பார்த்துவிடலாம்.

பாபிலோனின் இஷ்தார் வாயிலைக் கட்டியவன் இரண்டாம் நெபுகாத்நேச்சார் (கி.மு. 605–562). நீல மெருகிட்ட செங்கற்களால் எழுப்பிய அந்த வாயிலில் காளைகள் ஒரு வரிசை, முஷ்ஹுஷ்கள் ஒரு வரிசை என்று மாறிமாறி நடக்கின்றன. காளை இடிமழைக் கடவுளான அதாத்துக்கு உரியது, முஷ்ஹுஷ் பாபிலோனின் தலைமைக் கடவுளான மர்துக்குக்கு. ஒவ்வொரு உருவமும் ஒரே பலகையில் செதுக்கியது அன்று. தனித்தனி அச்சில் வார்த்த செங்கற்களை அடுக்கி உருவாக்கியது. செதில் மூடிய நீண்ட உடல். பாம்புத் தலை, அதில் நெட்டுக்குத்தாக ஒரு கொம்பு. வாயிலிருந்து வெளியே நீண்ட பிளவுபட்ட நாக்கு. முன்கால்கள் சிங்கத்தினுடையவை. பின்கால்களைப் பார்த்தால் பாதம் இல்லை, கழுகின் நகங்கள். வாலின் நுனியில் தேள் கொடுக்கு. தேடிப் பாருங்கள், இறக்கை இல்லை. வாயில் நெருப்பும் இல்லை. பறவைநாகம் என்ற சொல்லில் பாதி இங்கேயே உதிர்ந்துவிடுகிறது.

பாபிலோனை 1899 முதல் 1917 வரை அகழ்ந்து இந்த வாயிலை வெளிக்கொணர்ந்தவர் ஜெர்மானியரான ராபர்ட் கோல்டவே. அவருடைய காலத்தில் இந்தப் பெயரைச் 'சிர்ருஷ்' என்று படித்தார்கள். சுமேரியரும் பாபிலோனியரும் ஆப்பு வடிவக் குறிகளால் எழுதிய ஆப்பெழுத்தில் ஒரே குறிக்குப் பல ஒலிகள் உண்டு. பாம்புக் குறியை 'முஷ்' என்றும் படிக்கலாம், 'சிர்' என்றும் படிக்கலாம். அடுத்த குறிக்கு 'ஹுஷ்', 'ருஷ்' என்று இரண்டு ஒலிகள். தவறான பக்கத்தைப் பிடித்ததால் வந்த பெயர்தான் சிர்ருஷ். அறிஞர்கள் அதைத் திருத்தி வெகுநாளாகிவிட்டது. ஆனாலும் பழைய நூல்களைப் பார்த்து எழுதுகிறவர்கள் வழியாக அது இன்னும் உலவுகிறது. எங்கேயாவது 'சிர்ருஷ்' என்று கண்டால், எழுதியவர் நூறாண்டு பழைய அலமாரியிலிருந்து எடுத்திருக்கிறார் என்று வைத்துக்கொள்ளலாம். கோல்டவேக்கு இன்னொரு நம்பிக்கையும் இருந்தது: இது கற்பனை அன்று, எங்கோ உயிரோடு இருந்த விலங்கு என்று நினைத்தார். மற்ற புராண உருவங்கள் காலத்துக்குக் காலம் மாற, இது மட்டும் மாறாமல் வந்ததே அவர் சொன்ன காரணம்.

பாபிலோனியர் பேசிய அக்காதிய மொழி இந்தச் சுமேரியச் சொல்லைக் கடன் வாங்கி, ஒற்றை இரட்டித்து 'முஷ்ஹுஷ்ஷு' ஆக்கிக்கொண்டது. (கிரந்த எழுத்தே கூடாது என்பவர்கள் இந்தப் பெயரை எப்படி எழுதுவார்கள் என்று வாய்விட்டுச் சொல்லிப் பார்க்க வேண்டாம், சபையில் சொல்லத்தக்கதாக இராது.) சொல்லைப் போலவே விலங்கும் கைமாறியது. முதலில் எஷ்னுன்னா நகரத்து நினாசு என்ற பாதாளக் கடவுளின் துணை அது. பிறகு அதே நகரத்தில் திஷ்பக் அந்த இடத்துக்கு வந்தார். பாபிலோன் மன்னன் அம்முராபி எஷ்னுன்னாவை வென்றபின் அது மர்துக்கிடம் போனது. கி.மு. 689இல் அசீரிய மன்னன் சனகெரிப் பாபிலோனை அழித்தான். அதன்பின் அசீரியச் சிற்பங்களில் அஷூர் கடவுளின் காலடியிலும் அது நிற்கிறது. நகரம் தோற்றால் அதன் தெய்வத்தின் வாகனம்கூடக் கொள்ளைப் பொருள்தான் போலிருக்கிறது.

இனி ஹுஷ். ஒரே சொல் சிவப்பையும் சீற்றத்தையும் குறிப்பது மேலைநாட்டு மொழிபெயர்ப்பாளர்களுக்கு ஒரு சங்கடம். 'சிவப்பு' என்று ஒருவர் எழுத, 'கொடிய' என்று இன்னொருவர் எழுத, எது சரி என்று அடிக்குறிப்பு நீள்கிறது. தமிழ் படித்தவனுக்கு இதில் என்ன சங்கடம்? 'கறுப்பும் சிவப்பும் வெகுளிப் பொருள' என்று தொல்காப்பிய உரியியல் சொல்லிவிட்டது. அவை நிறத்தை உணர்த்தவும் உரியவை என்று அடுத்த நூற்பா சேர்த்துக்கொள்கிறது. அதாவது அங்கே வெகுளி முதலில் நிற்கிறது, நிறம் பிறகு வருகிறது. இன்றும் 'முகம் சிவந்தது' என்றால் யாரும் நிறத்தை ஆராய்வதில்லை. சுமேரியப் புலவன் ஹுஷ் என்று எழுதியபோது அவன் மனத்தில் எது இருந்தது என்று நாம் கேட்டுக்கொள்ளவே வேண்டியதில்லை. இரண்டும் ஒன்றாகவே இருந்திருக்கும்.

இங்கே சிலருக்குக் கை பரபரக்கும் என்று தெரியும். சுமேரியமும் தமிழும் ஒரே குடும்பம், இதோ சான்று என்று கிளம்பிவிடக் கூடாது. 'ஹுஷ்' வேறு, 'சிவ' வேறு. ஒலியில் ஒற்றுமை இல்லை, பொருள் விரிந்த வழியில்தான் ஒற்றுமை. கோபத்தில் முகம் சிவப்பது எல்லா ஊரிலும் நடப்பது. சுமேரியத்துக்கு இதுவரை உறுதியான உறவுமொழி எதுவும் கிடைக்கவில்லை. 'ஊர்' என்ற சுமேரிய நகரப் பெயரை வைத்து நடக்கும் கச்சேரியிலும் எனக்கு விருப்பமில்லை.

முஷ்ஹுஷ் தனிப்பிறவி அன்று. அதே முஷ் என்ற வேரிலிருந்து 'முஷ்மஹ்' வருகிறது: மஹ் என்றால் உயர்ந்தது, ஆக, தலைமைப் பாம்பு. 'முஷ்-சக்-இமின்' என்று ஒன்று: பாம்பு, தலை, ஏழு. ஏழுதலைப் பாம்பு. நினுர்த்தா என்ற போர்க்கடவுள் கொன்று வீழ்த்தியவர்களின் பட்டியலில் ஆறுதலைக் காட்டாட்டுக்கிடா, சிங்கத்தலை அன்சுத் பறவை, 'மாகிலும்' என்ற படகு, பேரீச்சை மன்னன் ஆகியவற்றோடு இந்த ஏழுதலையும் வருகிறது. படகையும் பேரீச்சையையும் எப்படிக் கொன்றான் என்று கதை நமக்கு விளக்குவதில்லை. பெயர்கள் மட்டும் தங்கியிருக்கின்றன.

முஷ் இல்லாமல் வருவது 'உஷும்கல்'. உஷும் என்பது நச்சுப் பாம்பு. கல் என்றால் பெரியது. லு-கல் பெரிய மனிதன், அதாவது அரசன். எ-கல் பெரிய வீடு, அதாவது அரண்மனை. அதே கணக்கில் உஷும்கல் பெரும்பாம்பு. இதில் வியப்பு என்னவென்றால் இது பெரும்பாலும் வசைச்சொல் அன்று, பட்டம். ஊர் நகரத்தில் பூசாரினியாக இருந்த எனெதுவன்னா, அக்காத் பேரரசன் சார்கோனின் மகள், இனன்னா தேவியைப் பாடும்போது 'உஷும்கல்லைப் போல நீ பகைநாட்டின்மேல் நஞ்சைக் கொட்டினாய்' என்கிறாள். போற்றித்தான் பாடுகிறாள். அம்முராபியின் புகழ்பெற்ற சட்டக் கல்வெட்டின் முன்னுரையில் அவன் தன்னை 'அரசர்களுள் உஷும்கல்' என்று அழைத்துக்கொள்கிறான். வீரனைச் சிங்கம் என்பதுபோல அங்கே பாம்பு. எனெதுவன்னாவின் பாட்டில் உஷும்கல்லின் கருவி நஞ்சுதான், நெருப்பு அன்று என்பதையும் கவனியுங்கள்.

இந்தப் பட்டியலில் சேராத ஒரு சொல்லை யாரோ சேர்த்துவிட்டார்கள்: 'குர்'. உலகின் முதல் டிராகன் சுமேரியரின் குர் என்று எத்தனையோ இடங்களில் படித்திருப்பீர்கள். இதன் ஊற்று சுமேரிய ஆய்வின் பெரும்பெயர்களில் ஒருவரான சாமுவேல் நோவா கிராமர். 1944இல் வெளியான சுமேரியப் புராணங்கள் பற்றிய நூலில் குர் என்பதை ஒரு கொடிய டிராகனாக அவர் காட்டினார். ஆனால் குர் என்பதற்குப் பொருள் மலை. பழைய குறியைப் பார்த்தால் மூன்று மேடுகள் சேர்ந்தாற்போல இருக்கும். சமவெளியில் வாழ்ந்தவர்களுக்கு மலை என்பது எல்லைக்கு அப்பாலுள்ள அயல்நாடு; அங்கிருந்து படையும் வரும். பிறகு அதே சொல் இறந்தோர் உலகத்துக்கும் ஆயிற்று. 1946இலேயே இன்னொரு சுமேரிய அறிஞரான தோர்கில்ட் யாகப்சன் தம் மதிப்புரையில் கிராமரின் விளக்கங்களைக் கடுமையாக மறுத்தார். இன்று அந்த டிராகனை ஏற்கும் அறிஞரைக் காண்பது அரிது. இணையத்தில்தான் அது சாகவில்லை.

தியாமத் கதையும் ஏறக்குறைய இப்படியே. அவள் கடல், அக்காதியக் காவியமான எனூமா எலிஷில் வருபவள், சுமேரியள் அல்லள். முஷ்மஹ், உஷும்கல், முஷ்ஹுஷ் ஆகிய பாம்புகளை உள்ளிட்ட பதினொரு அரக்கர்களைப் படைக்கிறாள். அவளே டிராகன் வடிவினள் என்று காவியம் தெளிவாகச் சொல்லவில்லை. ஐந்துதலைத் தியாமத் ஓர் அமெரிக்க விளையாட்டின் வரவு.

சரி, டிராகன் என்ற சொல்லுக்கு என்ன குற்றம்? மூலத்தில் ஒரு குற்றமும் இல்லை. கிரேக்கத்தில் 'திராகோன்' என்றால் பெரிய பாம்புதான். 'கூர்ந்து பார்' என்ற பொருளுடைய வினையிலிருந்து வந்தது என்பார்கள். பாம்பின் கண்ணைப் பார்த்துப் பெயரிடுவது நமக்குப் புதிதா? கட்செவி என்கிறோம். பார்வையிலேயே நஞ்சுள்ள பாம்புக்குத் 'திட்டிவிடம்' என்று மணிமேகலையில் பெயர் இருக்கிறது. ஆனால் திராகோன் லத்தீன் வழியாக ஐரோப்பாவுக்குள் போய் இறக்கை முளைத்து, நெருப்பு கக்கி, பொற்குவியலின்மேல் படுத்துக்கொண்டது. பிறகு சீனத்து மழைத்தெய்வத்துக்கும் அதே பெயரை ஒட்டினார்கள். இவ்வளவு மூட்டையோடு அது சுமேரியத்துக்குள் நுழையும்போது முஷ் என்ற சிறிய பாம்பு நசுங்கிப்போகிறது. சீன விலங்குக்கு டிராகன் என்றே எழுதுங்கள். அது இங்கே நிலைத்துவிட்டது.

தமிழில் முன்பே சிலர் இந்தச் சிக்கலைச் சந்தித்திருக்கிறார்கள். பழைய தமிழ் விவிலியத்தில் வெளிப்படுத்தின விசேஷத்தின் பன்னிரண்டாம் அதிகாரம் 'சிவப்பான பெரிய வலுசர்ப்பம்' என்கிறது. அதற்கும் ஏழு தலை. பிற்காலப் பொது மொழிபெயர்ப்பில் அது 'அரக்கப் பாம்பு' ஆயிற்று. இரண்டிலும் பாம்பு கைவிடப்படவில்லை என்பது எனக்குப் பிடித்திருக்கிறது. நாகம் வேண்டாம்: படமெடுப்பது நாகம், இதற்குப் படம் இல்லை, கொம்பு இருக்கிறது. யாளியும் வேண்டாம், அது சிங்கத்தின் உறவு. 'செவ்வரவு' அழகாக இருக்கிறது, ஆனால் இன்றைய வாசகர் நிறத்தோடு நின்றுவிடுவார். 'சினவரவு' என்று எழுதிப் பார்த்தேன். வரவு செலவுக் கணக்கு நினைவுக்கு வந்தது.

கடைசியில் கைகொடுத்தது நற்றிணை. 261ஆம் பாடலில் களிற்றையே அகப்படுத்தும் 'பெருஞ்சின மாசுணம்' ஒன்று வயிரம் பாய்ந்த மரத்தோடு சேர்த்துப் பிணித்துப் புரட்டுகிறது. மாசுணம் மலைப்பாம்பு, நஞ்சில்லாதது, ஆகவே அந்தச் சொல்லை அப்படியே எடுக்க முடியாது. அடைமொழியை எடுத்துக்கொள்ளலாம். முஷ்ஹுஷ் 'சினப்பாம்பு', உஷும்கல் 'பேரரவு', அம்முராபி 'அரசருள் பேரரவு', முஷ்மஹ் 'தலைப்பாம்பு' என்றால் தலை எண்ணத் தோன்றும், எனவே 'மாவரவு'. ஏழுதலைக்குப் புதுச்சொல் எதுவும் தேவையில்லை.

ஒரு பாம்பு மட்டும் மிச்சம். ஊருக் நகரத்து மன்னன் கில்கமேஷ் பற்றிய சுமேரியக் கதையில் இனன்னா ஒரு ஹலுப் மரத்தை நட்டு வளர்க்கிறாள், நாற்காலியும் கட்டிலும் செய்துகொள்ளலாம் என்று. அதன் உச்சியில் அன்சுத் பறவை குஞ்சு பொரிக்கிறது, வேரில் ஒரு பாம்பு குடியேறுகிறது. கில்கமேஷ் கோடரியோடு வந்து அந்தப் பாம்பை அடித்துக் கொல்கிறான். சில மொழிபெயர்ப்புகளில் அதுவும் டிராகனாகிவிட்டது. மூலத்தில் அதற்குக் கொம்பு இல்லை, பல தலை இல்லை, பட்டம் இல்லை. 'முஷ் து நுசு': பாம்பு, மந்திரம், அறியாதது. மந்திரத்துக்குக் கட்டுப்படாத பாம்பு என்று எழுதினால் போதும். எந்தப் பாம்பு என்று ஊரில் யாரும் கேட்கமாட்டார்கள்.