தன் ஆழத்தைத் தானே அறியும் குண்டு

“ஒரு பணக்காரர் ஊர் சுற்ற வாங்கிய படகு, நீர்மூழ்கிக் கப்பலோடு எப்படிச் சண்டை போட முடியும்?” என்று வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். நல்ல கேள்வி. பதில் அந்தப் படகில் இல்லை, அதன் பின்தளத்தில் அடுக்கியிருந்த பீப்பாய்களில் இருக்கிறது.

1917 ஏப்ரலில் அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியபோது, கடற்படையிடம் காவல் கப்பல்கள் போதவில்லை. தனியாரிடமிருந்த நீராவிப் படகுகளைத் திரட்டினார்கள். அவற்றில் ஒன்று ‘கிறிஸ்டபெல்’. 1893-ல் கிளாஸ்கோவில் கட்டியது, சுமார் 50 மீட்டர் நீளம். பீரங்கி பொருத்தி, பிரான்ஸ் கடற்கரைக்கு அனுப்பினார்கள். வேகம் மணிக்குப் பன்னிரண்டு கடல் மைல்தான்.

ஆனால் நீர்மூழ்கி முங்கிவிட்டால் பீரங்கியால் பயனில்லை. அதற்காக வந்ததுதான் டெப்த் சார்ஜ்: 300 பவுண்டு, அதாவது 136 கிலோ வெடிமருந்து அடைத்த பீப்பாய். கடலில் உருட்டிவிட்டால் மூழ்கிக்கொண்டே போய், நாம் சொன்ன ஆழத்தில் வெடிக்கும். கீழே எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்று இருட்டுத் தண்ணீருக்குள் அதற்கு எப்படித் தெரியும்?

கிணற்றில் முங்கி அடிமண் எடுத்து வந்தவர்களுக்கு விடை தெரியும். இறங்க இறங்கக் காது அடைத்து, பிறகு வலிக்கும். பத்து மீட்டர் இறங்கினால் ஒவ்வொரு சதுர சென்டிமீட்டரிலும் ஏறக்குறைய ஒரு கிலோ எடை கூடுகிறது. சரி, காதுச் சவ்வுக்குப் பதில் 50 சதுர சென்டிமீட்டரில் ஒரு தட்டு இருப்பதாக வைத்துக்கொள்வோம். பதினைந்து மீட்டரில் தண்ணீர் அதை 75 கிலோ எடையால் அழுத்தும், ஒரு ஆள் ஏறி நிற்பது போல. முப்பது மீட்டரில் இரண்டு ஆள். தட்டுக்குப் பின்னால் ஒரு ஸ்பிரிங். தண்ணீரின் கை ஓங்கும் வரை ஸ்பிரிங் தாங்கும். ஓங்கியதும் தட்டு நகரும், ஊசி விடுபட்டு வெடிமூட்டியில் குத்தும். எந்த ஆழத்தில் வெடிக்க வேண்டுமோ, ஸ்பிரிங்கை அதற்கேற்ப இறுக்கிவைத்தால் போதும். கடிகாரம் வேண்டாம், மின்சாரம் வேண்டாம். பீப்பாய் வேகமாக மூழ்கினாலும் மெதுவாக மூழ்கினாலும் கணக்குத் தப்பாது. எத்தனை முறை யோசித்தாலும் எனக்கு இது அலுப்பதில்லை.

அழுத்தத்தை வைத்து ஆழத்தையோ உயரத்தையோ அறியும் இந்த எண்ணத்தின் வேர், பாஸ்கல் என்ற பிரெஞ்சு அறிவியலாளர். 1648-ல் அவருடைய அக்காள் கணவர் பாதரசக் குழாயைத் தூக்கிக்கொண்டு பிரான்ஸில் ஒரு மலை ஏறினார், உயரம் கூடினால் காற்றின் அழுத்தம் குறைகிறதா என்று பார்க்க. “இதனால் என்ன லாபம்?” என்று கேட்டு அடிப்படை ஆய்வுக்குப் பணத்தை மறுப்பவர்களிடம் இதைத்தான் சொல்வேன்: இருநூற்றைம்பது ஆண்டுக்கு மேல் கழித்து வரும் தேவை அன்று யார் கண்ணுக்கும் தெரிந்திருக்காது.

குண்டு நேராகப் படவேண்டியதும் இல்லை. தண்ணீர் எளிதில் சுருங்காது என்பதால், வெடிப்பின் அதிர்ச்சி பக்கத்தில் இருக்கும் நீர்மூழ்கியின் உடற்பகுதியை அப்படியே தாக்கும். குண்டு போட்ட படகுக்கு ஆபத்தும் இங்கேதான். பீப்பாய் பதினைந்து மீட்டர் இறங்க ஏழெட்டு நொடி ஆகலாம். கிறிஸ்டபெல் அதற்குள் 45 மீட்டர் போல நகர்ந்திருக்கும், அதாவது தன் நீளம் அளவுக்குக்கூட இல்லை. மெதுவாகப் போகும் கப்பல்களுக்கென்றே பிரிட்டன் 120 பவுண்டு குண்டு ஒன்றைத் தனியாகச் செய்தது.

1918 மே 21. பின்தங்கிப்போன ஒரு சரக்குக் கப்பலுக்குத் துணையாகப் போய்க்கொண்டிருந்த கிறிஸ்டபெல், யுசி-56 என்ற ஜெர்மன் நீர்மூழ்கியின் பெரிஸ்கோப்பைப் பார்த்துக் குண்டு போட்டது. வெடித்த அதிர்ச்சியில் படகின் தளத்திலிருந்த மற்றக் குண்டுகள் கழன்று உருள ஆரம்பித்தன. டேனியல் சல்லிவன் என்ற இளம் அதிகாரி அவற்றின் மேல் அப்படியே விழுந்து பிடித்து, கட்டிவைத்தார். அதற்காக அவருக்கு அமெரிக்காவின் மிக உயர்ந்த வீரப் பதக்கமான மெடல் ஆஃப் ஆனர் கிடைத்தது.

மூன்று நாள் கழித்து, அடிபட்ட யுசி-56 நடுநிலை நாடான ஸ்பெயினின் சாந்தாந்தேர் துறைமுகத்துக்குள் வந்து சேர்ந்தது. போர் முடியும்வரை அது அங்கிருந்து வெளியேறவில்லை.