குறுகக் குறுக நீளும் அறை

பில்லி வைல்டரின் 'தி அபார்ட்மென்ட்' (1960) படத்தைப் பார்த்த வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "வரிசை வரிசையாக மேசைகள் போய்க்கொண்டே இருக்கும் அந்தக் காப்பீட்டு அலுவலகம் நிஜக் கட்டடமா, செட்டா?"

செட்தான். கண்ணுக்குத் தெரியும் அளவு நீளம் அதற்குக் கிடையாது. அமைத்தவர் அலெக்சாந்தர் த்ரோனே. 1906இல் புடாபெஸ்டில் பிறந்து, 1929இல் பாரிசுக்குப் போய், லாசார் மீர்சன் என்ற கலை இயக்குநரிடம் தொழில் கற்றவர். பிரெஞ்சு இயக்குநர் மார்செல் கார்னேயின் படங்களுக்காகக் கால்வாய்க் கரையையும் மெட்ரோ நிலையத்தையும் செட்டாக எழுப்பியவர். ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்போது யூதர் என்பதால் நீஸ் நகருக்கு அருகே மலைப்பகுதியில் ஒளிந்திருந்தபடியே கார்னேயின் 'சில்ட்ரன் ஆஃப் பாரடைஸ்' (1945) படத்துக்கு அரங்கங்களை வரைந்து கொடுத்தார். லேயோன் பார்சாக் என்ற கலை இயக்குநர் அவற்றை முன்னின்று கட்டினார். 'தி அபார்ட்மென்ட்' த்ரோனேவுக்கு ஆஸ்கார் வாங்கித் தந்தது.

முன்னால் முழு அளவு மேசைகள், பின்னால் போகப் போகச் சிறிய மேசைகள், அங்கே உயரம் குறைந்த ஆட்கள். தந்திரம் இவ்வளவுதான் என்று பலரும் சொல்லி முடித்துவிடுவார்கள். ஒரு பொருள் படத்தில் விழும் அளவு, அதன் உயரத்தைத் தூரத்தால் வகுத்தால் வருவதற்கு ஏற்ப இருக்கும். ஆகவே 20 மீட்டரில் முழு மேசையும் 10 மீட்டரில் பாதி மேசையும் கேமராவுக்கு ஒன்றே. நமக்கு இரண்டு கண்கள், கேமராவுக்கு ஒன்று, ஏமாற்றுவது எளிது.

ஆனால் சமதளத் தரையில் பாதி மேசையை வைத்துப் பாருங்கள், பொம்மை மேசை என்று பட்டென்று தெரிந்துவிடும். அதன் கால் தரையைத் தொடும் இடம் உண்மையான தூரத்தைக் காட்டிக்கொடுக்கிறது. ஆகவே தரையும் சேர்ந்து பொய் சொல்ல வேண்டும். எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான்.

லென்ஸ் 1.5 மீட்டர் உயரத்தில் இருப்பதாகக் கொள்வோம் (கணக்குக்காக நான் எடுத்துக்கொண்ட அளவு, படத்தின் அளவல்ல). 20 மீட்டர் தொலைவிலுள்ள தரை லென்ஸுக்கு 1.5 மீட்டர் கீழே இருக்கும். அதையே 10 மீட்டரில் காட்ட வேண்டுமானால் 75 சென்டிமீட்டர் கீழே இருந்தால் போதும். அதாவது தரை 75 சென்டிமீட்டர் மேலேறியாக வேண்டும். 3 மீட்டர் உயரக் கூரையோ 2.25 மீட்டருக்கு இறங்க வேண்டும். அறை இரு பக்கமும் நெருக்கப்படுகிறது. அசையாமல் நிற்பது லென்ஸின் உயரம் மட்டுமே. கண் மட்டம் 1.5 மீட்டராக உள்ளவர் முன்னால் நிற்கட்டும். சரிபாதி அளவில் ஓர் ஆள் கிடைத்து அந்த மேட்டில் நின்றால், அவர் கண்ணும் 0.75 + 0.75 = 1.5 மீட்டரில் வந்து நிற்கிறது! இருவர் பார்வையும் ஒரே கோட்டில். பள்ளியில் வடிவொத்த முக்கோணங்களைச் சலிப்போடு படித்தவர்களுக்கு இதை அன்றே காட்டியிருக்கலாம். இத்தகைய அரங்க வரைபடங்களைப் பாதுகாக்கப் பணம் கேட்டால் கலைத் துறையைக் கைகாட்டுவார்கள். என்னைக் கேட்டால் அறிவியல் நிதியிலிருந்தே தாராளமாகக் கொடுக்கலாம்.

தூரத்துப் பொருள்கள் வெளிறித் தெரியும் என்பதால் பின்புறத்துக்கு மங்கலான வண்ணம் பூச வேண்டியிருக்கும். ஃபோகஸ் விஷயத்தில் லாபம்தான், உண்மையில் எல்லாமே பக்கத்தில்தானே இருக்கின்றன.

பொய் உடைவது கேமரா நகரும்போது. ஒரு மீட்டர் பக்கவாட்டில் நகர்த்தினால், 20 மீட்டரில் இருப்பதாக நாம் நம்பிய மேசை 3 டிகிரி விலக வேண்டும். 10 மீட்டரில் இருப்பதால் ஏறக்குறைய 6 டிகிரி விலகிவிடும். பின்புறம் தன் வேகத்துக்கு மீறி ஓடும். பார்வையாளருக்குக் காரணம் புரியாது, ஆனால் உறுத்தும்.

அதற்காகக் கேமராவைச் சிறைவைக்க வேண்டியதில்லை. வெளியிலிருந்து வரும் ஒளிக்கதிர்கள் லென்ஸுக்குள் சந்திக்கும் புள்ளி இடம் மாறாமல் கேமராவைத் திருப்பினால், எந்தப் பொருளும் இன்னொன்றை விட்டு விலகுவதில்லை. சாதாரண முக்காலியின் சுழல் அச்சோ அந்தப் புள்ளிக்குச் சற்றுப் பின்னால், கேமரா உடலுக்குக் கீழே இருக்கிறது. கேமராவைச் சில சென்டிமீட்டர் பின்னுக்குத் தள்ளிப் பொருத்திவிட்டால், அரங்கத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைவரை கவலையில்லாமல் திருப்பலாம்.