கரண்டு போனால் சேவ் ஃபைல் எங்கே போகிறது?

இரண்டு பருவமழையும் பெய்யும் மாவட்டம் கன்னியாகுமரி. குலசேகரம் பக்கம் ஒரு ரப்பர் கிளை முறிந்து கம்பியில் விழுந்தால் போதும், கரண்டு போய்விடும். வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தாலும் அது மாறுகிற நொடியில் சில கம்ப்யூட்டர்கள் அணைந்துவிடும். எமுலேட்டரில், அதாவது பழைய கேம் கன்சோலைப் போல நடிக்கும் நிரலில், சூப்பர் நிண்டெண்டோ கன்சோலின் ஆட்டம் ஆடிக்கொண்டிருந்த பையன், "சேவ் பண்ணினேனே அண்ணா, எப்பிடி போச்சு?" என்று கேட்பான். அவன் சேவ் செய்தது உண்மைதான். ஆனால் அது டிஸ்க்குக்குப் போய்ச் சேர்ந்திருக்காது.

இது புரிய, பழைய வீடியோ கேம் கேசட்டைத் திறந்து பார்க்க வேண்டும். 1987-இல் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த 'தி லெஜண்ட் ஆஃப் ஜெல்டா' கேசட்டுக்குள் ஒரு சிறிய ரேம் சிப்பும் பட்டன் பேட்டரியும் இருந்தன. டிவியை அணைத்த பிறகும் அந்த பேட்டரிதான் சிப்பை உயிரோடு வைத்திருந்தது. சூப்பர் நிண்டெண்டோ காலத்தில் இந்தச் சிப்பின் அளவு பெரும்பாலும் 2 கேபி, 8 கேபி, 32 கேபி என்றுதான் இருந்தது. ஆட்டத்தின் நிரலுக்கு ஃபைல் என்றால் என்னவென்றே தெரியாது. ஒரு குறிப்பிட்ட முகவரியில் எழுதிவிட்டு, வேலை முடிந்தது என்று திரையில் காட்டிவிடும்.

எமுலேட்டர் தன் நினைவகத்தில் ஒரு துண்டை ஒதுக்கி, அதையே அந்தச் சிப்பாக நடிக்க வைக்கிறது. ஆட்டம் எழுதுவது அங்கேதான். அதை எடுத்து .srm அல்லது .sav என்று முடியும் சேவ் ஃபைலாக டிஸ்க்கில் வைப்பது எமுலேட்டரின் தனி வேலை. ரெட்ரோஆர்ச் என்ற எமுலேட்டர் செயலியில் எத்தனை நொடிக்கு ஒருமுறை இது நடக்க வேண்டும் என்று நாமே வைக்கலாம். அங்கே 0 என்று இருந்தால், ஆட்டத்தை முறையாக மூடும்போதுதான் ஃபைல் எழுதப்படும். நம் ஊரில் 10 நொடி என்று வைத்துக்கொள்வதே சரி.

எழுதிக்கொண்டிருக்கும்போதே கரண்டு போனால்? பாதி பழையது, பாதி புதியது என்று ஃபைல் கெட்டுப்போகலாம். இதை அன்றே யோசித்து வடிவமைத்த ஆட்டங்கள் உண்டு. கேம்பாய் அட்வான்ஸில் வந்த போக்கிமான் ரூபி, எமரால்ட் போன்றவை 128 கேபி ஃப்ளாஷ் சிப்பில் இரண்டு இடங்களை வைத்துக்கொண்டு, மாறி மாறி எழுதும். புதிய பிரதியின் சரிபார்ப்புக் கூட்டுத்தொகை (செக்சம்) சரியாக வராவிட்டால் முந்தைய பிரதியைத் திறந்துவிடும். எனக்கு மிகவும் பிடித்த பொறியியல் இது.

பிளேஸ்டேஷன் 1 கதை வேறு. அதற்குத் தனி மெமரி கார்டு: 128 கேபி, 16 கட்டங்கள். முதல் கட்டம் அட்டவணைக்குப் போக, ஆட்டங்களுக்கு மீதி 15. எமுலேட்டரில் இந்தக் கார்டு முழுவதும் ஒரே ஃபைல்தான். அதனால் அந்த ஒன்று கெட்டால் பல ஆட்டங்கள் சேர்ந்தே போகும். டக்ஸ்டேஷன் என்ற பிளேஸ்டேஷன் 1 எமுலேட்டரில் ஆட்டத்துக்கு ஒரு கார்டு என்று பிரித்து வைக்க வழி இருக்கிறது. அப்படியே வையுங்கள்.

சரி, சேவ் ஸ்டேட்? அது ஓடிக்கொண்டிருக்கும் இயந்திரத்தை அந்த நொடியில் எடுத்த ஃபோட்டோ. பிளேஸ்டேஷன் 1 என்றால் 2 எம்பி நினைவகம், 1 எம்பி பட நினைவகம், 512 கேபி ஒலி நினைவகம், பிராசஸரின் நிலை என எல்லாமே அதில் பதிவாகும். ஆட்டத்தின் பெரிய எதிரியான 'பாஸ்' உடன் மோதும் முன் போட்டுக்கொள்ள அருமையான வசதி. ஆனால் அதன் அமைப்பை எமுலேட்டர் எழுதியவர்தான் தீர்மானிக்கிறார். அடுத்த பதிப்பில் அவர் மாற்றினால் பழைய ஸ்டேட் திறக்காமல் போகலாம். ஆட்டத்துக்குள் செய்யும் சேவின் அமைப்பு அந்தக் கால கன்சோலிலேயே முடிவாகிவிட்டது. அதனால்தான் அது ஒரு எமுலேட்டரிலிருந்து இன்னொன்றுக்குப் பெரும்பாலும் சிக்கலில்லாமல் போகிறது.

பலரும் மாட்டிக்கொள்வது இவை இரண்டும் சேரும் இடத்தில். காலையில் ஒரு ஸ்டேட் போடுகிறோம். மதியம் ஆட்டத்துக்குள் சேவ் செய்கிறோம். மாலையில் காலை ஸ்டேட்டைத் திறக்கிறோம். அந்த ஸ்டேட்டுக்குள் காலை நேரத்துச் சிப்பும் இருக்கிறது! அது நினைவகத்துக்கு வந்துவிடும், அடுத்த சில நொடிகளில் ஃபைலுக்கும் போய்விடும். மதிய சேவ் சத்தமில்லாமல் அழிந்தது. ஸ்டேட்டைத் திறக்கும்போது சேவ் ரேமை, அதாவது அந்தச் சிப்பாக நடிக்கும் நினைவகத் துண்டை, தொடாதே என்று சொல்லும் அமைப்பு ரெட்ரோஆர்ச்சில் இருக்கிறது. அதைப் போட்டுவிடுவது நல்லது.

2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் அடித்தபோது இங்கே பல ஊர்களில் நாள்கணக்கில் கரண்டு இல்லை. குளச்சல், முட்டம் போன்ற கடலோர ஊர்களில் உப்புக்காற்று உலோகத்தையும் தின்னும். பிரதி ஒன்று வேறிடத்தில் இருப்பது அவசியம். எமுலேட்டரை மூடிய பிறகு சேவ் ஃபோல்டரை அப்படியே பென்டிரைவுக்கோ கூகுள் டிரைவுக்கோ நகலெடுங்கள், முந்தைய நகலை அழிக்காமல். ஆட்ட ஃபைலின் பெயரை மாற்றினால் சேவ் ஃபைலின் பெயரையும் அதேபோல் மாற்றுங்கள், இல்லாவிட்டால் எமுலேட்டர் புதிதாக ஒரு வெற்றுச் சேவைத் தொடங்கிவிடும். ஆண்ட்ராய்டு போனில் ஆடுகிறவர்கள், சேவ் எந்த ஃபோல்டரில் விழுகிறது என்று இன்றே பாருங்கள். அது செயலிக்குச் சொந்தமான ஃபோல்டராக இருந்தால், செயலியை நீக்கும்போது சேவும் கூடவே நீங்கிவிடும்.